நுங்கம்பாக்கத்தின் நேர ஆலை

காலம், நேரம் என்னும் இரண்டு சொற்களும் பேச்சில் ஒன்றின் இடத்தில் மற்றொன்று வழங்கினாலும், சென்னையின் வரலாற்றில் ஒரு கட்டத்தை விளங்கிக்கொள்ள அவற்றைப் பிரித்தே பார்க்க வேண்டியிருக்கிறது. வானத்தில் எவரும் கேளாமலே ஓடிக்கொண்டிருப்பது காலம். அதை அளந்து, பிழை திருத்தி, பலருக்கும் பொதுவான ஓர் எண்ணாக ஆக்கிய பிறகு கிடைப்பது நேரம். முன்னது கச்சாப்பொருள் என்றால் பின்னது ஆலைச் சரக்கு. அந்தச் சரக்கை ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகச் செய்துவந்த ஆலை, இன்று மண்டல வானிலை மையம் இயங்கும் நுங்கம்பாக்கம் கல்லூரிச் சாலை வளாகத்தில் இருந்த சென்னை வானாய்வுக்கூடமாகும்.

கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியான வில்லியம் பெட்ரி 1786-இல் எழும்பூரில் சொந்தச் செலவில் அமைத்த சிறு வானாய்வுக்கூடமே இதன் தொடக்கம். கரையோரங்களை அளந்து வரைபடமாக்கவும், கப்பல்கள் கடலில் தம் இடத்தை அறியவும் துல்லியமான நேரம் தேவைப்பட்டதால் கம்பெனி அதை ஏற்றுக்கொண்டது. மைக்கேல் டாப்பிங் வகுத்த திட்டப்படி 1792-இல் நுங்கம்பாக்கத்தில் புதிய கட்டடம் எழுந்தது. கட்டடத்தின் அதிர்வு கருவியைத் தொடாதிருக்க, சுமார் 15 அடி உயரமும் 10 டன் எடையும் கொண்ட கருங்கல் தூண் ஒன்று நிறுத்தப்பட்டு அதன்மேல் தொலைநோக்கி பொருத்தப்பட்டது. தமிழும் தெலுங்கும் உள்ளிட்ட பல மொழிக் கல்வெட்டுகளைத் தாங்கிய அத்தூண் இன்றும் அவ்வளாகத்தில் நிற்கிறது.

நேரம் உருவான முறை எளிய கோட்பாட்டையும் கடினமான உழைப்பையும் கொண்டது. வடக்கிலிருந்து தெற்காகத் தலைக்குமேல் செல்வதாகக் கருதப்படும் கற்பனைக் கோடு உச்சிக்கோடு எனப்படும். ஒரு விண்மீன் அதைக் கடக்கும் கணம் முன்கூட்டியே கணக்கிடத்தக்கது. உச்சிக்கோட்டை விட்டு விலகாதபடி பொருத்திய தொலைநோக்கியின் பார்வைப் புலத்தில் மெல்லிய இழைகள் செங்குத்தாகக் கட்டப்பட்டிருக்கும். பார்ப்பவர் அருகிலுள்ள ஊசல் கடிகாரத்தின் நொடித் துடிப்பைக் காதால் எண்ணிக்கொண்டே, விண்மீன் ஒவ்வோர் இழையாகத் தாண்டுவதைக் கண்ணால் கவனித்து, இரு துடிப்புகளுக்கு இடைப்பட்ட பங்கையும் மதிப்பிட்டுக் குறித்துக்கொள்வார். அந்தக் குறிப்புகளின் சராசரிக்கும் கணக்கிட்ட கணத்துக்கும் உள்ள வேறுபாடே கடிகாரத்தின் பிழை. இவ்வாறு இரவில் கண்ணும் காதும் செய்த வேலையைப் பகலில் எழுதுகோல் முடித்துவைத்தது. இங்குப் பயன்பட்ட ஜான் ஷெல்டனின் ஊசல் கடிகாரம் இப்போது கோடைக்கானலில் உள்ளது. வானியலாளர் ஜான் கோல்டிங்ஹாம் 1802-இல் சென்னையின் தீர்க்கரேகையை, அதாவது கிரீன்விச்சிலிருந்து கிழக்கே உள்ள கோணத் தொலைவை, 80 பாகை 18 கலை 30 விகலை எனக் கொண்டார். பூமி ஒரு மணி நேரத்தில் 15 பாகை சுழல்வதால், சென்னை கிரீன்விச்சை விட 5 மணி 21 நிமிடம் 14 நொடி முந்தியது. இதுவே சென்னை நேரம்.

செய்த சரக்கை ஊருக்குக் கொண்டு சேர்க்கும் வழிகளும் பிறந்தன. வானாய்வுக்கூடக் கடிகாரத்தோடு இணைத்த கோட்டைப் பீரங்கி இரவு 8 மணிக்கு முழங்கியது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தந்திக் கம்பியின் வழியே சென்னை நேரம் இருப்புப்பாதைகளுக்கும் சென்றது. பம்பாய் நேரம் அதற்கு அரை மணி பிந்தியும், கல்கத்தா நேரம் அரை மணிக்குச் சற்றுக் கூடுதலாக முந்தியும் இருந்தமையால், எந்தப் பக்கமும் சாயாத நடுநேரமாக ரயில்வே அதை ஏற்றது.

ஆலை வருவதற்கு வெகுகாலம் முன்பே இந்நாட்டில் காலத்தை நேரமாக்கும் குடிசைத் தொழில் ஒன்று இருந்தது. அது பஞ்சாங்கக் கணிதம். சந்திரன் நாள்தோறும் இருக்கும் இடத்தை 248 சிறு வாக்கியங்களில், எழுத்துகளே எண்களாக நிற்கும்படி அமைத்து மனப்பாடம் செய்ததால் அதற்கு வாக்கிய முறை என்று பெயர். இவ்வானாய்வுக்கூடத்தில் முன்பு பணியாற்றிய ஜான் வாரன், 1825-இல் சென்னையில் வெளியான ‘கால சங்கலித’ நூலில், தரையில் சோழிகளைப் பரப்பி நினைவிலிருந்தே சந்திர கிரகணத்தைக் கணித்த புதுச்சேரிக் கணிதர் ஒருவரின் முறையைப் பதிவு செய்தார். கிரகணத்தின் தொடக்கத்தில் சில நிமிடங்களே இருந்த பிழை முடிவில் முக்கால் மணிக்கும் மேலாயிற்று. இரு தொழில்களையும் ஒருசேர அறிந்தவர், வானாய்வுக்கூடத்தின் முதல் உதவியாளராக உயர்ந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி. 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்த இவர், வானில் நேரில் காண்பதோடு பொருந்தும் திருக்கணித முறையில் பஞ்சாங்கம் வெளியிட்டு, பழைய கணக்கைத் திருத்த முயன்றார். ஆயினும் வாக்கியம் மறையவில்லை. மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் இரு வகைப் பஞ்சாங்கங்களும் இன்றும் விற்பனையாகின்றன.

1899-இல் வானியல் பணி கோடைக்கானலுக்குப் பெயர்ந்தது. 1906 ஜனவரி 1 முதல், 82½ பாகைத் தீர்க்கரேகையை அடிப்படையாகக் கொண்டு கிரீன்விச்சை 5½ மணி முந்தும் இந்திய நேரம் நடைமுறைக்கு வர, சென்னை நேரத்துக்கும் அதற்கும் இருந்த இடைவெளி 8 நிமிடம் 46 நொடியாக அமைந்தது. சந்தை பெரிதானபோது உள்ளூர்ச் சரக்குக்கு இடமில்லாமற்போன கதை இது. ஆனால் கச்சாப்பொருள் மாறவில்லை. ஆண்டின் சராசரியில் பார்த்தால், மயிலாப்பூர் கபாலீசுவரர் கோபுரத்தின் நிழல் அன்றைய மிகக் குறுகிய அளவை அடைவது கடிகாரம் 12 அடித்து ஏறத்தாழ 9 நிமிடங்கள் கழிந்த பிறகுதான்.