வெயிலில் நீளாத ஊசல்

மார்கழியில் சரியாக ஓடிய பெண்டுலம் கடிகாரம் சித்திரையில் சோம்பல்படும். பழைய வீடுகளில் சுவர்க்கடிகாரம் வைத்திருந்தவர்களுக்கு இது தெரியும். எண்ணெய் காய்ந்துவிட்டது, சாவி சரியாகக் கொடுக்கவில்லை என்று ஏதாவது காரணம் சொல்வார்கள். பல நேரம் குற்றவாளி வெயில்தான். எஃகுக் கம்பி சூட்டில் நீள்கிறது. நீண்ட ஊசல் மெதுவாக ஆடுகிறது. வெப்பம் 10 டிகிரி கூடினால் நாளொன்றுக்கு ஏறக்குறைய 5 விநாடி போய்விடும்.

ஐந்து விநாடி என்ன பெரிய நஷ்டம்? பேருந்துக்குக் காத்திருப்பவருக்கு ஒன்றுமில்லை. வானத்தைப் பார்த்து ஊரின் தீர்க்கரேகையைக் கணக்கிடுபவருக்கோ 4 விநாடிப் பிழை என்றால் சென்னை வரைபடத்தில் சுமார் 1.8 கிலோமீட்டர் தள்ளிப்போகும்.

காலத்தின் ஓட்டத்தைச் சீராக்கும் எந்திரம் என்று அறிவியல் புனைகதைகளில் படிக்கிறோம். இங்கிலாந்தின் லிங்கன்ஷயர் பகுதியில் பாரோ என்ற சிற்றூரில் தச்சு வேலை பார்த்த ஜான் ஹாரிசன், 1720களிலேயே அந்த வேலையை ஒன்பது கம்பிகளில் முடித்துவிட்டார். கப்பல் கடிகாரத்தால் பின்னாளில் புகழ்பெற்ற அதே ஹாரிசன்தான். ஐந்து எஃகுக் கம்பி, நான்கு பித்தளைக் கம்பி. எஃகு மேலிருந்து தொங்கும். சூட்டில் நீண்டு ஊசலின் குண்டைக் கீழே இறக்கும். பித்தளை கீழ்ச்சட்டத்தின்மேல் நிற்கும். சூட்டில் நீண்டு குண்டை மேலே தூக்கும். பித்தளை விரிவது எஃகைவிட ஒன்றரை மடங்குக்கும் மேல். ஆகவே மூன்று கம்பி நீளத்துக்கு எஃகு இறக்குவதை இரண்டு கம்பி நீளத்துப் பித்தளையே ஈடுகட்டிவிடும். குண்டு இருந்த இடத்திலேயே இருக்கும். பார்ப்பதற்கு இறைச்சி வாட்டும் கம்பிச் சட்டம் போலிருந்ததால் ஆங்கிலத்தில் அந்தப் பெயரே வைத்துவிட்டார்கள். மாதத்துக்கு ஒரு விநாடிக்கு மேல் தன் கடிகாரம் பிசகாது என்றார் ஹாரிசன். மிகை என்று ஒதுக்கத் தோன்றினாலும், மனிதர் சும்மா பேசுகிற ஆள் இல்லை.

லண்டனில் ஜார்ஜ் கிரஹாம் கம்பிக்குப் பதிலாகப் பாதரசக் குடுவையைத் தொங்கவிட்டு இதே பிரச்சினையைத் தீர்த்தார். அவரிடம் வேலை செய்தவர் ஜான் ஷெல்டன். ஷெல்டன் செய்த கம்பிச்சட்டக் கடிகாரங்கள் உலகம் சுற்றின. 1769இல் சூரியனை வெள்ளி கடப்பதைப் பார்க்கக் கேப்டன் குக் தஹிதிக்குக் கொண்டுபோனது அவற்றில் ஒன்று.

இன்னொன்று சென்னைக்கு வந்தது. கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி வில்லியம் பெட்ரி 1786இல் எழும்பூரில் சொந்தச் செலவில் ஒரு வானாய்வுக் கூடம் வைத்தார். 1792இல் அது நுங்கம்பாக்கத்தில் கம்பெனியின் கட்டடமாயிற்று. கருவிகளை அசையாமல் தாங்க 10 டன் எடையுள்ள கருங்கல் தூண் நட்டு, அதில் தமிழிலும் எழுத்துப் பொறித்தார்கள்.

வெயிலை வென்றாலும் சென்னையில் இன்னொரு சிக்கல் காத்திருந்தது. நிலநடுக்கோட்டை நெருங்க நெருங்கப் புவியீர்ப்பு குறையும். 1672இலேயே பிரெஞ்சுக்காரர் ழான் ரிஷெர் தென்னமெரிக்காவின் கயேன் நகரில் தன் கடிகாரம் நாளுக்கு இரண்டரை நிமிடம் பின்தங்குவதைக் கண்டார். லண்டனில் ஒழுங்காக ஓடும் கடிகாரம் சென்னையிலும் இரண்டு நிமிடத்துக்கு மேல் பின்தங்கும். ஊசலை ஏறத்தாழ 3 மில்லிமீட்டர் குறுக்கினால் சரியாகிவிடும். எவ்வளவு குறுக்குவது என்பதை ஊரூராக அளந்தாக வேண்டும். சென்னைக்கு அதை அளந்தவர் ஆய்வகத்தின் ஜான் கோல்டிங்ஹாம். அளவுகள் 1822இல் லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் வெளியாயின.

அதே கோல்டிங்ஹாம் 1802இலேயே சென்னை நேரம் கிரீன்விச்சைவிட 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முந்தியது என்று கணித்திருந்தார். பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் நடுவே விழுந்ததால் பின்னர் ரயில்வேக்காரர்கள் இந்த நேரத்தையே எடுத்துக்கொண்டார்கள். நாடெங்கும் ரயில்கள் நுங்கம்பாக்கத்துக் கடிகாரத்தின் பேச்சைக் கேட்டு ஓடின. பம்பாய்க்காரர்கள் மட்டும் ஊருக்குள் தங்கள் நேரத்தை விடவில்லை. அந்தப் பிடிவாதம் தனிக் கதை. 1906 ஜனவரி 1இல் கிரீன்விச்சோடு ஐந்தரை மணி நேர வித்தியாசம் அமலுக்கு வந்தபோது சென்னைக்காரர்கள் முள்ளை ஒன்பது நிமிடம்போல முன்னே தள்ளினார்கள்.

ஹாரிசனின் கம்பிகளுக்கும் காலம் வந்தது. 1896இல் ஷார்ல் கியோம், சூட்டுக்கு அசைந்துகொடுக்காத 'இன்வார்' என்ற இரும்பு-நிக்கல் கலவையைக் கண்டுபிடித்தார். 1920இல் நோபல் பரிசும் பெற்றார். ஒன்பது கம்பி செய்ததை ஒரே கம்பி செய்தது.

பெட்ரியின் ஷெல்டன் கடிகாரம் சென்னை வெயிலிலிருந்து தப்பிக் கொடைக்கானல் வானாய்வகத்துக்குப் போயிற்று. கோடையிலும் குளிர் விடாத ஊர். வயதான ஊசலுக்கு நல்ல இடம். ஏரியில் படகு விடப் போகிறவர்கள் அந்தப் பக்கமும் ஒரு நடை போய்வரலாம்.