களிமண் சாட்சிகள்: ரித்தி பானின் ஆவணப்படங்கள்

1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் படைகள் கம்போடியாவின் தலைநகர் நொம் பென்னைக் கைப்பற்றி, நகர மக்கள் அனைவரையும் கிராமங்களுக்கு விரட்டின. அப்படி விரட்டப்பட்டவர்களில் ஒரு சிறுவன் ரித்தி பான். அடுத்த நான்கு ஆண்டுகளுக்குள் தாய், தந்தை, உடன்பிறந்தோர் எனக் குடும்பத்தில் பலரைப் பசியும் நோயும் கொண்டுபோயின. தந்தை உண்ண மறுத்தே இறந்தார். 1979இல் தாய்லாந்து அகதி முகாமை அடைந்த ரித்தி பான், பின்னர் பிரான்ஸ் சென்று சினிமா படித்தார். அவரது முதல் ஆவணப்படமே எல்லையோர அகதி முகாம் ஒன்றைப் பற்றியதுதான்.

2013இல் வெளியான 'காணாமற்போன படம்' அவரது சொந்தக் கதை. அந்த ஆட்சியில் எடுக்கப்பட்ட படச்சுருள்கள் பெரும்பாலும் பிரசாரத்துக்கானவை. அவற்றில் பட்டினி இல்லை, சாவு இல்லை. வீட்டுப் புகைப்படங்களும் எஞ்சவில்லை. இடம்பெயர்வுகளில் அல்பங்களைத் தொலைத்த எங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. எனவே களிமண்ணில் சிறு உருவங்களைச் செய்வித்து, வர்ணம் தீட்டி, வீட்டையும் முகாமையும் வயலையும் மீள அமைத்தார். தந்தைக்கு வெள்ளை உடுப்பு. கறுப்பு உடையணிந்த கூட்டத்தின் நடுவே சிறுவனுக்கு மட்டும் வண்ணச் சட்டை. பொம்மைகள் அசைவதில்லை; கமராவும் ஒலியும் கதைசொல்லியின் குரலுமே அவற்றுக்கு உயிர். சில இடங்களில் அதே பிரசாரப் படச்சுருள்களின் மேல் இந்த உருவங்களை வைக்கிறார். பொய்யின் நடுவே உண்மை எழுந்து நிற்கிறது. இரத்தம் காட்டும் எந்தக் காட்சியைவிடவும் இது கனமானது என்பேன். கான் திரைப்பட விழாவில் பரிசு பெற்ற இப்படம், ஒஸ்கார் போட்டிக்கும் பரிந்துரைக்கப்பட்டது.

ஆயினும் அவரது துணிச்சலான படைப்பு 2003இல் வந்த 'எஸ்-21' தான். ஆயிரக்கணக்கானோர் கொல்லப்பட்ட அந்தச் சிறையில் உயிர்தப்பியவர்கள் விரல்விட்டு எண்ணத்தக்க சிலரே. அவர்களில் ஒருவரான ஓவியர் வான் நாத், பழைய காவலாளிகளை நேருக்கு நேர் வைத்துக் கேள்வி கேட்கிறார். ஒரு காவலாளி வெறும் அறைக்குள் நுழைந்து, இல்லாத கைதிகளை அதட்டுகிறார், தண்ணீர் கொடுக்கிறார், கதவைப் பூட்டுகிறார். வாய் மறைத்ததை உடல் சொல்லிவிடுகிறது. கமரா மட்டும் அந்த அறைக்குள் போவதில்லை. கைதிகள் கிடந்த தரையை மிதிக்க ரித்தி பான் விரும்பவில்லை.

இலங்கைத் தமிழரிடையே இவ்வகையில் நினைவுக்கு வருவது ஜூட் ரட்ணத்தின் 'டீமன்ஸ் இன் பரடைஸ்'. 1983 கலவரத்தில் சிறுவனாக வடக்குக்கு ரயிலேறியவர், அதே பாதையில் மீண்டும் பயணிக்கிறார். 2017இல் கானில் திரையிடப்பட்ட இப்படம், இயக்கங்களின் உள்வன்முறையைப் பேசியதால் எம்மவரிடையே கடும் விவாதத்தை எழுப்பியது. யாருடைய காயத்தை முதலில் சொல்வது என்ற கேள்வி சொந்தக் கதை சொல்பவரையும் விடுவதில்லை.

ரித்தி பான் படங்களோடு நிற்கவில்லை. எஸ்-21இல் கொல்லப்பட்ட போபானா என்ற இளம்பெண்ணின் பெயரில் நொம் பென்னில் ஓர் ஒலி-ஒளி ஆவணக் காப்பகத்தை நிறுவினார். 2006இல் திறக்கப்பட்ட அங்கு, நாட்டைப் பற்றிய பழைய படங்களையும் ஒலிப்பதிவுகளையும் எவரும் இலவசமாகப் பார்க்கலாம், கேட்கலாம். இளைஞர்களுக்குப் படமெடுக்கவும் அங்கே பயிற்சி கொடுக்கிறார்கள்.