தோட்டத்துக்குப் படம் வந்த வழி

1905-ஆம் ஆண்டில் இரண்டு பிரெஞ்சுக்காரர்களின் பயணங்கள் திசை மாறின. ஊர் ஊராகப் படம் காட்டித் திரிந்த டுபான், திருச்சியில் உடம்பு முடியாமல் போகவே, தன் கருவியையும் படச்சுருள்களையும் ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட்டிடம் விற்றுவிட்டு நாடு திரும்பினார். அதே ஆண்டு போர்னியோவுக்குக் கப்பலேறிய ஆன்றி ஃபோக்கோனியே, ரப்பரில் பணம் பார்க்கலாம் என்று வழியில் மலாயாவில் இறங்கி, கோல சிலாங்கூர் மாவட்டத்தில் தோட்டம் போட்டார்.

சாமிக்கண்ணு கூடாரம் அடித்துத் தமிழ்நாட்டைச் சினிமாவுக்குப் பழக்கினார். மலாயாவின் ரப்பர் தோட்டங்களுக்குத் தமிழ்த் தொழிலாளர்கள் போன கப்பல் வழியிலேயே பின்னர் படப்பெட்டிகளும் போயின. ஷாங்காயிலிருந்து வந்த ஷா சகோதரர்கள் சிங்கப்பூரில் கடை விரித்து, மலாயாவின் சிற்றூர்களுக்கும் நடமாடும் படக்காட்சிகளை அனுப்பினார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு மலாய்ப் படம் எடுத்தபோது இயக்குநர்களை இந்தியாவிலிருந்து தருவித்தார்கள். பாட்டும் கண்ணீரும் கூடவே வந்தன. சென்னையில் பிறந்த எல். கிருஷ்ணன்தான் 1950-இல் ‘பக்தி’ படத்தில் மலாய் நடிகர் பி. ரம்லியைக் கதாநாயகன் ஆக்கினார்.

1948-இல் மலாயாவில் அவசரகாலம் பிறந்தது. கம்யூனிஸ்டுகள் பக்கம் ஆட்கள் சாய்ந்துவிடக் கூடாதென்று அரசாங்கமே வண்டியில் படம் ஏற்றித் தோட்டம் தோட்டமாக அனுப்பியது. பிரசாரம் பார்த்துப் பழகிய அதே தோட்டத் திடலில் எம்.ஜி.ஆரும் சிவாஜியும் திரையில் வந்தார்கள். இரண்டு கம்பத்துக்கு நடுவே வெள்ளைத் துணி. தொழிலாளர் குடியிருப்பான லயத்திலிருந்து பாயோடு வந்து இடம் பிடிக்கும் பிள்ளைகள். துணிக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களுக்கு எல்லா வீரர்களும் இடக்கையால் வாள் வீசுவார்கள். ஒரே கருவி என்பதால் சுருள் மாற்றும்போதெல்லாம் கச்சான் (கடலை) விற்பவருக்கு வியாபாரம். ரங்கூன் போன அண்ணன்மாரைப் பற்றிய ‘பராசக்தி’ கடல் கடந்தவர்களின் வலியைத் தொட்டது. ஆனால் பால்மரத்தடியில் நிற்பவரின் கதையைச் சென்னை எடுக்கவில்லை.

அந்தக் கதையை மாற்றியது ஒரு கொட்டை. 1917-இல் ஃபோக்கோனியே, அதே மாவட்டத்தின் தென்னமாரம் தோட்டத்தில் நாட்டின் முதல் வணிகச் செம்பனையை நட்டார். 1960-களுக்குப் பிறகு ரப்பர் இருந்த இடங்களில் செம்பனை பரவியது. அதற்குக் கைகள் குறைவாகவே தேவைப்பட்டன. தோட்டங்கள் கைமாறின, துண்டாயின. குடும்பங்கள் கிள்ளானுக்கும் கோலாலம்பூருக்கும் பெயர்ந்து புறம்போக்கு வீடுகளில் ஒதுங்கின. திடலின் வேலையை வீடியோ நாடாவும், 1996-இல் வந்த ஆஸ்ட்ரோ செயற்கைக்கோள் தொலைக்காட்சியும் எடுத்துக்கொண்டன.

லயங்கள் காலியான பிறகே தோட்டம் திரைக்கு வந்தது. 1960-களின் ரப்பர் தோட்டத்தில் படிக்க ஏங்கும் பெண்ணைப் பற்றி தீபக் குமாரன் மேனன் எடுத்த ‘செம்மண் சாலை’, 2005-இல் பிரான்சின் நாந்த் நகர விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு பெற்றது. 2016-இல் தோட்டத்துப் பிள்ளையாக ரஜினி நடித்த ‘கபாலி’ வந்தபோது, மலேசியத் திரையரங்குகளில் மட்டும், அவர் போலீஸிடம் சரணடைந்தார் என்று கடைசியில் ஒரு வரி ஒட்டினார்கள்.

முந்தைய ஆண்டு வெளியான ஷஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ 2016-இல் வேறொரு வாசலைத் திறந்தது. தோட்டம் போனபின் நகரோரத்தில் வளரும் அப்போய் என்ற பையனின் கதை. வசனம் பெரும்பாலும் தமிழ். தேசியத் திரைப்பட விழாவில் மலாய் அல்லாத படங்களைத் தனிப் பிரிவில் ஒதுக்கியபோது, மலாய்க் கலைஞர்களே எதிர்த்துக் குரல் கொடுத்தார்கள். விதி தளர்ந்தது. சிறந்த மலேசியத் திரைப்படம் என்ற விருதை ‘ஜகாட்’ வாங்கியது.