புங்கா (வீடு)

புங்கா என்பது குஜராத் மாநிலத்தின் கச்சு மாவட்டத்தில், குறிப்பாகப் பன்னிப் புல்வெளிப் பகுதியில், கட்டப்படும் வட்ட வடிவ மண் வீடு ஆகும். உருளை வடிவச் சுவரும் கூம்பு வடிவப் புற்கூரையும் இதன் சிறப்பியல்புகள். சுற்றுப்புறத்தில் கிடைக்கும் மண், மரம், புல் ஆகியவற்றைக் கொண்டே கடும் வெயில், அனற்காற்று, நிலநடுக்கம் ஆகியவற்றைத் தாங்கும் வகையில் இது அமைக்கப்படுகிறது. 1819 ஆம் ஆண்டில் கச்சில் ஏற்பட்ட பெரும் நிலநடுக்கத்திற்குப் பின்னரே இவ்வடிவம் பரவலானது எனக் கருதப்படுகிறது.

அமைப்பு

ஒரு புங்கா ஓர் அறையை மட்டுமே கொண்டது. அதன் உள்விட்டம் பொதுவாக 3 முதல் 6 மீட்டர் வரை இருக்கும். சுவர், வெயிலில் உலர்த்திய மண் கற்களாலோ, பின்னிய குச்சிகளின் மேல் மண் பூசியோ எழுப்பப்படுகிறது. பெரும்பாலும் ஒரு கதவும் இரண்டு சிறிய சன்னல்களும் வைக்கப்படுகின்றன. சுவரின் மேல் குறுக்காகக் கிடக்கும் உத்தரத்தின் நடுவே நிற்கும் குறுந்தூண் கூரையின் உச்சியைத் தாங்குகிறது. சில வீடுகளில் உத்தரத்தின் இரு முனைகளும் சுவரை ஒட்டி நடப்பட்ட மரத்தூண்களின் மேல் அமர்வதால், சுவரின் மீதுள்ள சுமை குறைகிறது.

ஒரே மண் மேடையின் மீது உறங்குவதற்கும் சமைப்பதற்கும் தனித்தனிப் புங்காக்கள் அமைவது வழக்கம். உட்சுவரில் மண்ணும் சாணமும் குழைத்து, கண்ணாடித் துண்டுகள் பதித்துப் பெண்கள் செய்யும் புடைப்பு வேலைப்பாடு லிப்பன் எனப்படும்.

வெப்பத் தடுப்பு

தடித்த மண் சுவர் பகல் வெப்பத்தை மெதுவாகவே உள்ளே கடத்துகிறது. ஒரே பரப்பளவுள்ள சதுர அறையுடன் ஒப்பிட்டால், வட்ட அறையின் சுற்றுச்சுவர் நீளம் ஏறத்தாழ 11 விழுக்காடு குறைவு. எனவே வெயில் படும் சுவர்ப்பரப்பும் தேவையான மண்ணும் குறைகின்றன.

நீர்

பன்னியின் நிலத்தடி நீர் உவர்ப்பானது. இங்கு வாழும் மால்தாரி எனப்படும் கால்நடை வளர்ப்போர், மழைநீர் தேங்கும் தாழ்வான இடங்களில் விர்தா என்னும் ஆழமற்ற கிணறுகளைத் தோண்டுவர். நன்னீர் அடர்த்தி குறைந்ததாகையால் உவர்நீரின் மேல் மிதக்கிறது. அம்மேற்படலத்தை மட்டுமே இறைக்க வேண்டும். அளவுக்கு மீறி இறைத்தால் உவர்நீர் மேலேறிவிடும்.

நிலநடுக்கத் தாங்குதிறன்

2001 சனவரி 26 அன்று 7.7 அளவிலான நிலநடுக்கம் கச்சைத் தாக்கியது. கல்லைச் சேற்றுச் சாந்தில் அடுக்கிக் கட்டிய வீடுகள் பெருமளவில் இடிந்தன, பல்லாயிரக்கணக்கானோர் உயிரிழந்தனர். ஆனால் நன்கு பேணப்பட்ட புங்காக்களில் பெரும்பாலானவை நிலைத்து நின்றன. சதுர வீடுகளில் விரிசல் பெரும்பாலும் மூலைகளில் தொடங்கும். வட்டச் சுவருக்கு மூலைகள் இல்லை. அதிர்வு எத்திசையிலிருந்து வந்தாலும் அது வளையம்போல் எதிர்க்கிறது. புற்கூரையின் எடையும் குறைவு.

இன்றைய நிலை

இந்நிலநடுக்கத்திற்குப் பின், பூச் நகரிலுள்ள ஹுன்னர்சாலா அமைப்பு, மண்ணுடன் சிறிதளவு சிமெந்து கலந்து உறுதியாக்கும் முறையில் புங்காக்களைக் கட்ட உதவியது. எனினும் ஓடுகளும் காங்கிரீட்டும் பழைய பொருள்களின் இடத்தைப் பிடித்து வருகின்றன. உப்புப் பாலை பரவுவதைத் தடுக்க 1960களில் பன்னியில் நடப்பட்ட சீமைக் கருவேலம் பெருகியதால், புல்வெளியின் பரப்பும் சுருங்கியது. கால்நடைத் தீவனத்திற்கும் கூரைக்கும் புல்லே அடிப்படையாதலால், இவ்வீட்டின் எதிர்காலம் அப்புல்வெளியின் மீட்சியைச் சார்ந்துள்ளது.