பாந்தியோன்

பாரிஸ் மாநகரில், சேன் நதிக்குத் தெற்கே ஒரு குன்றின்மீது எழுந்து நிற்கும் பாந்தியோன், இலக்கியத்திலும் அரசியலிலும் விஞ்ஞானத்திலும் சிறந்த பெருமக்களைப் பிரெஞ்சு தேசம் அடக்கம் செய்து கௌரவிக்கும் மண்டபமாகும். 1744இல் மெட்ஸ் நகரில் கடும்பிணியுற்ற பதினைந்தாம் லூயி மன்னர், உயிர் பிழைத்தால் பாரிஸின் காவற் புனிதையான ஜெனவியேவுக்குப் புதுக்கோயில் எடுப்பதாக நேர்ந்துகொள்ள, கட்டடச் சிற்பி சூஃப்ளோ வகுத்த அமைப்பின்படி தொடங்கிய அத்திருப்பணி, அவர் 1780இல் காலமான பின்னும் தொடர்ந்து, புரட்சி மூண்ட மறுவருஷமான 1790இல் நிறைவெய்தியது.

1791 ஏப்ரலில் புரட்சித் தலைவர்களில் ஒருவரான மிராபோ மறைந்தபோது, தேசிய சபை அவ்வாலயத்தைப் பெருமக்களின் சமாதியாக்கத் தீர்மானித்து, அவரையே முதலில் அங்கு அடக்கியது. அவ்வாண்டு ஜூலையில் எழுத்தாளர் வால்டேரும், 1794இல் சிந்தனையாளர் ரூஸோவும் வந்துசேர்ந்தனர். வாழ்நாளில் ஒருவரையொருவர் கடிந்து எழுதிய அவ்விருவரும் நிலவறையில் எதிரெதிரே வைக்கப்பட்டுள்ளனர். மிராபோவுக்கோ அந்த இடம் நிலைக்கவில்லை. அப்போதைய அரசனிடம் இரகசியமாகப் பொருள் பெற்றது அரண்மனையின் இரும்புப் பெட்டகத்துக் கடிதங்களால் அம்பலமாகவே, 1794இல் அவரது உடல் வெளியேற்றப்பட்டது. அன்றே உள்ளே கொணரப்பட்ட புரட்சிப் பத்திரிகையாளர் மாராவும் சில மாதங்களில் அகற்றப்பட்டார். யார் பெரியவர் என்று ஒரு ஜனசமூகம் தனக்குள் நடத்திய வழக்கின் தீர்ப்புகளை, திருத்தப்பட்ட தீர்ப்புகள் உட்பட, இவ்வளவு தெளிவாகக் காட்டும் கட்டடம் வேறு அரிது என்றே கருதுகிறோம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில், ஆட்சி மாறுந்தோறும் அது கோயிலாகவும் சமாதியாகவும் மாறி மாறி விளங்கியது. 1851இல் அதன் விதானத்திலிருந்து விஞ்ஞானி பூக்கோ தொங்கவிட்ட ஊசல், பூமியின் சுழற்சியைப் பொதுமக்கள் கண்முன்னே நிரூபித்தது. 1885இல் எழுத்தாளர் விக்டர் ஹ்யூகோ மறைந்தபோதுதான் இம்மாற்றங்கள் ஓய்ந்தன. ஏழைகளின் சவவண்டியே போதும் என்ற அவரது விருப்பத்தின்படி, பல லட்சம் ஜனங்கள் சூழ அவருடல் இம்மண்டபத்தை அடைய, அன்றுமுதல் அது மீண்டும் ஆலயமாகவில்லை.

1908இல் நாவலாசிரியர் எமில் ஜோலாவின் அஸ்தி இங்கு கொணரப்பட்ட வைபவத்தில், தேசத்துரோகி என்று பொய்க்குற்றம் சாட்டப்பட்டு, அவர் யாருக்காக வாதாடினாரோ அந்த யூத ராணுவ அதிகாரி டிரைபஸையே ஒருவன் சுட்டுக் கையில் காயப்படுத்தினான். நீதிமன்றமோ அவனைக் குற்றமற்றவனென விடுவித்தது! தேசம் ஜோலாவை ஏற்றுக்கொண்ட பின்னும் துவேஷம் எத்துணை ஆழமாக நின்றது என்பதற்கு இதனினும் சான்று வேண்டியதில்லை.

ஸ்திரீகள் விஷயத்தில் இம்மண்டபம் மிகவும் தாமதித்தது என்று சொல்லாமலிருக்க இயலாது. 1907இல் சோபி பெர்த்லோ, இரசாயன விஞ்ஞானியான தம் கணவரோடு அடக்கம் பெற்றது அவருடைய மனைவி என்ற முறையிலேயே. தன் சாதனையின் பேரால் முதன்முதல் அவ்விடம் பெற்றவர் வார்சாவில் பிறந்த மேரி கியூரி. இரு நோபல் பரிசுகள் பெற்றிருந்தும், மறைந்து அறுபதாண்டுகள் கழிந்த பிறகு, 1995இல்தான் அவர் தம் கணவர் பியருடன் அங்கு கொண்டுசெல்லப்பட்டார்.