ஏரிகள் கற்பித்த பாடம்

செழித்த ஏழு ஆண்டுகளின் விளைச்சலைக் கதிரோடு சேமித்து, வறண்ட ஏழு ஆண்டுகளைக் கடக்க வழிகாட்டிய நபி யூசுஃப் (அலை) அவர்களின் வரலாற்றை நாம் அறிவோம். தொண்டை மண்டலத்தின் முன்னோரும் அவ்வழியையே நீரில் கையாண்டனர். சில வாரங்களே கொட்டும் வடகிழக்குப் பருவமழையை ஏரிகளில் தேக்கினர். ஓர் ஏரி நிறைந்தால், கலங்கல் வழியே உபரிநீர் அடுத்த ஏரிக்குச் செல்லும். ஸ்ரீபெரும்புதூர், பிள்ளைப்பாக்கம் ஏரிகளின் உபரிநீர் செம்பரம்பாக்கத்தை அடைவது இவ்வாறே. ஏரிகளைப் பேணுவதும் ஊரார் பொறுப்பாக இருந்தது. உத்திரமேரூரின் பத்தாம் நூற்றாண்டுக் கல்வெட்டுகள் ஏரி வாரியத்தைக் குறிப்பிடுகின்றன.

இந்நிலத்தில் பின்னர் ஆலைகள் எழுந்தன. 1998இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார்கள் உருவாகத் தொடங்கின. 2006இல் ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியாவும், 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசானும் உற்பத்தியைத் தொடங்கின. கிராமத்துப் பிள்ளைகள் பல்லாயிரவர் மாதச் சம்பளம் கண்டனர்.

ஆனால் வந்த செழிப்புக்குக் கலங்கலும் இல்லை, சேமிப்பும் இல்லை. 2014இல் நோக்கியாவின் கைபேசித் தொழில் மைக்ரோசாஃப்டிடம் சென்றது. வரி வழக்கினால் ஸ்ரீபெரும்புதூர் ஆலை கைமாறவில்லை. மைக்ரோசாஃப்ட் ஒன்றுக்காகவே இயங்கிய அவ்வாலை, அதன் கொள்முதல் நின்றதும் அவ்வாண்டு நவம்பர் 1ஆம் நாள் முதல் உற்பத்தியை நிறுத்தியது. அதை நம்பியிருந்த ஃபாக்ஸ்கான் ஆலையும் டிசம்பரில் மூடப்பட்டது. இளம் பெண்கள் பலர் வேலையிழந்து ஊர் திரும்பினர்.

மறு ஆண்டு நீரே சோதனையாயிற்று. 2015 டிசம்பர் பெருமழையில் செம்பரம்பாக்கத்தின் உபரிநீர் திறந்துவிடப்பட, அடையாற்றின் கரைகள் மூழ்கின. கார் ஆலைகளும் சில நாட்கள் நின்றன. நான்கே ஆண்டுகளில், 2019 கோடையில், அதே ஏரி வறண்டு வெடித்தது. மிகுந்தபோது வழிவிடவும் குறைந்தபோது கொடுக்கவும் தேவையான சிற்றேரிகளும் வரத்துக் கால்வாய்களும் தூர்ந்தும் சுருங்கியும் போனதன் விலை இது.

மூடிய நோக்கியா ஆலையில் பிறகு வேறொரு நிறுவனம் உற்பத்தியைத் தொடங்கியது. பல தொழில்கள் இருந்ததால் இவ்வட்டாரம் மீண்டது. ஒற்றை வேலையை நம்பிய குடும்பமோ நெடுநாள் தவித்தது.

ஏரியின் வலிமை கொள்ளளவில் மட்டும் இல்லை. வரத்து, கரை, கலங்கல், அடுத்த ஏரி ஆகிய நான்கும் சேர்ந்ததே அது. நம் இல்லங்களுக்கும் அதுவே பொருந்தும்: ஒன்றுக்கு மேற்பட்ட வருவாய், வீண்விரயமற்ற சேமிப்பு, மிகுந்ததை அண்டை வீட்டாருக்கு வழியவிடும் மனம். நீரும் செல்வமும் அல்லாஹ் நம்மிடம் ஒப்படைத்த அமானிதங்கள்.