உழைப்பு மூச்சளவை: ஒரு மருத்துவச் சொல்லின் வரலாறு

விருத்தாசலத்தின் பழம்பெயர் முதுகுன்றம் என்பது தேவாரம் பயின்றார் அறிந்ததே. சம்பந்தரும் சுந்தரரும் அப்பெயராலேயே அவ்வூரைப் பாடினர். ‘முது’ என்பதற்கு ‘விருத்த’ என்றும் ‘குன்றம்’ என்பதற்கு ‘அசலம்’ என்றும் ஒன்றுக்கு ஒன்றாக நிறுத்திப் பிற்காலத்தார் வடமொழிப் பெயர் அமைத்தனர். உறுப்புக்கு உறுப்பு மாற்றிய இம்மொழிபெயர்ப்பு பொருளளவில் பிழையற்றது. எனினும் பழைய பெயரை வழக்கிலிருந்து நீக்கிவிட்டது.

அவ்வூரை அடுத்துள்ள கருவேப்பிலங்குறிச்சியின் பெயர் வேறொரு வகையில் ஆராயத்தக்கது. குறிச்சி என்பது பழைய இலக்கியத்துள் குறிஞ்சி நிலத்து ஊரைக் குறிக்கும். இங்கோ மலை இல்லை. சமவெளியிலுள்ள ஊர்களுக்கும் அச்சொல் பரவிவிட்டமையை இப்பெயர் காட்டுகின்றது. முன்மொழியாகிய கருவேப்பிலையைக் கருமை, வேம்பு, இலை எனப் பிரிப்பாரும் உளர். கறி, வேம்பு, இலை எனப் பிரிப்பாரும் உளர். கூட்டுச்சொல்லின் முதலுறுப்பை எவ்வாறு கொள்கின்றோமோ அதற்கேற்பப் பொருள் திரியும் என்பதற்கு இஃது எளிய சான்றாம்.

இவ்விரு ஊர்ப்பெயர்களையும் ஈண்டு முன்வைத்தமைக்குக் காரணம் உண்டு. உறுப்புக்கு உறுப்பு மொழிபெயர்க்கப்பட்டமையாலும் முதலுறுப்பு தவறாகக் கொள்ளப்பட்டமையாலும் இடர்ப்பட்டு நிற்கும் மருத்துவச் சொல் ஒன்றை யாம் ஆராய எடுத்துக்கொண்டோம். உடல் உழைக்கும்போது மூச்சு எவ்வாறு இயங்குகின்றது என அளந்தறியும் ஆய்வுக்கு மேனாட்டார் இட்ட ‘ஸ்பைரோஎர்கோமெட்ரி’ என்னும் பெயரே அது. விருத்தாசலப் பகுதி பீங்கான் தொழிலுக்குப் பெயர்பெற்றது. அங்கே பீங்கான் தொழிற்பேட்டையும் அத்தொழில்நுட்பம் கற்பிக்கும் நிறுவனமும் உள்ளன. களிமண், பெல்ஸ்பார், படிகக்கல் ஆகியவற்றின் பொடியோடு நாளெல்லாம் பழகுவோர்க்கு மூச்சைப்பற்றிய சொல் ஏட்டுச் சொல்லாக மட்டும் இருத்தல் இயலாது.

முதற்கண் அச்சொல்லின் பிறப்பைக் காண்போம். ‘ஸ்பிராரே’ என்பது இலத்தீன் வினை. மூச்சுவிடுதல் என்பது அதன் பொருள். ‘எர்கோன்’ என்பது கிரேக்கம். வேலை, உழைப்பு என்பது பொருள். ‘மெட்ரோன்’ என்பதும் கிரேக்கமே. அளவு என்பது பொருள். எனவே இது இருமொழிக் கலப்புச் சொல். தமிழில் கலப்புச் சொல் ஆகாது என்று வாதிடுவோரும், மேனாட்டுக் கலைச்சொற்களெல்லாம் தூய கிரேக்கம் என எண்ணுவோரும் இதனை நோக்குதல் நன்று. செருமானிய நாட்டு ஹாம்பர்க் நகரில் 1929ஆம் ஆண்டளவில் பிரௌவர், க்னிப்பிங் என்னும் மருத்துவர் இருவர் இம்முறையை வகுத்தனர். செருமானிய மருத்துவத்தில் அப்பெயரே நிலைத்தது. ஆங்கில நூல்கள் பின்னாளில் ‘இதய நுரையீரல் உடற்பயிற்சிச் சோதனை’ எனப் பொருள்படும் தொடரை ஆண்டன. உழைப்பு என்னும் பொருளுடைய உறுப்பு நீங்க, பயிற்சி என்னும் பொருளுக்கும் இடந்தரும் சொல் அவ்விடத்தில் வந்தமர்ந்தது. தமிழில் இன்று வழங்கும் பெயர்கள் பெரும்பாலும் அவ்வாங்கிலத் தொடரைப் பின்பற்றியனவே. இடர்ப்பாடு இங்கேதான் தொடங்குகின்றது.

பெயர் பிறந்தது 1929இல் எனினும் பொருள் அதனினும் முந்தியது. பிரெஞ்சு வேதியியலார் லவாய்சியே 1789, 1790ஆம் ஆண்டுகளில் செகேன் என்னும் துணைவரையே ஆய்பொருளாக அமர்த்தி, அவர் வாளாவிருக்கும்போதும் காலால் மிதிகட்டையை அழுத்தி உழைக்கும்போதும் எத்துணை ஆக்சிஜன் செலவாகின்றது என அளந்தார். லவாய்சியேயின் மனைவியார் அவ்விரு நிலைகளையும் இரு படங்களாக வரைந்துள்ளார். குறிப்பெழுதும் நிலையில் தம்மையும் அப்படங்களுள் ஓரிடத்தில் அமைத்துக்கொண்டார். உழைக்குங்கால் ஆக்சிஜன் செலவு மிகுகின்றது என்னும் முடிவிலிருந்து லவாய்சியே ஒரு வினாவுக்குச் சென்றார். உழைத்து உண்ணும் ஏழை, உழையாதிருக்கும் செல்வனைக்காட்டிலும் தன் உடற்பொருளை மிகுதியாகச் செலவிடுகின்றான். அதனை ஈடுசெய்யும் உணவோ அவனுக்கே குறைவாகக் கிடைக்கின்றது. இது முறையோ என்பது அவ்வினா. உழைப்பின் மூச்சை அளக்கும் கலை தோன்றிய காலத்திலேயே உழைப்பாளியைப் பற்றிய வினாவும் உடன் தோன்றிற்று என்பது கருதத்தக்கது.

மூச்சின் கொள்ளளவை அளக்கும் கருவியைச் செம்மையுற அமைத்தவர் இங்கிலாந்து மருத்துவர் ஜான் ஹச்சின்சன். அவர் 1846இல் வெளியிட்ட கட்டுரைக்காக 2,000க்கு மேற்பட்டோரின் மூச்சை அளந்தார். மற்போர் வீரர், மாலுமி, காவலர் எனப் பல தொழிலாளரும் அவருள் அடங்குவர். ஆழ இழுத்த மூச்சை முற்றும் வெளிவிடுங்கால் வரும் காற்றின் அளவுக்கு அவர் இட்ட பெயர் உயிரைச் சுட்டும் அடையுடையது, ‘உயிர்க்கொள்ளளவு’ எனலாம். உயரம் கூடக் கூட அவ்வளவு கூடும் என்பது அவர் கண்ட உண்மை. ஆயுள் காப்பீட்டுக்குத் தம் கருவி பயன்படும் என்றும் அவர் எதிர்பார்த்தார். பின்னர், 1923இல் ஏ. வி. ஹில்லும் லப்டனும் ஓடும்போது உடல் கொள்ளும் ஆக்சிஜனுக்கு ஒரு மேல்வரம்பு உண்டு எனக் காட்டினர். 1964இல் வாசர்மனும் மக்கில்ராயும் உழைப்பு மிகுந்துழித் தசைகள் ஆக்சிஜன் போதாமல் இயங்கத் தொடங்கும் நிலையை, வெளிவரும் மூச்சைக்கொண்டே அறியும் வழியை விளக்கினர். இவற்றை விரித்தல் மருத்துவ நூலார் பணி.

தமிழ் மரபில் மூச்சளவை எவ்வாறு இருந்தது என்பதே எம்மனோர்க்கு இன்றியமையாத வினா. எண்ணல், எடுத்தல், முகத்தல், நீட்டல் என அளவை நால்வகைப்படும் என்பர். சித்தர் மரபு மூச்சை எண்ணி அளந்தது: நாழிகைக்கு 360 மூச்சு, 60 நாழிகை கொண்ட ஒரு நாளுக்கு 21,600 மூச்சு. இக்கணக்கு நிமிடத்திற்கு 15 ஆகும். அமைதியாயிருக்கும் வளர்ந்தோர்க்கு நிமிடத்திற்கு 12 முதல் 20 வரை என இக்கால மருத்துவர் கூறும் எல்லைக்குள் அஃது அடங்குகின்றது. அம்மரபு மூச்சை நீட்டியும் அளந்தது. வெளிச்செல்லும் மூச்சின் நீளம் 12 அங்குலம் என்பது பலரும் அறிந்த வழக்கு. நடக்கும்போதும் ஓடும்போதும் அந்நீளம் மிகும் எனச் சரநூல் மரபு கூறும். எண்கள் நூலுக்கு நூல் வேறுபடினும், உழைப்பு ஏறுந்தோறும் மூச்சின் அளவும் ஏறும் எனப் படிமுறை வகுத்தமை குறிப்பிடத்தக்கது. திருமூலர் பூரகத்திற்கு 16, கும்பகத்திற்கு 64, இரேசகத்திற்கு 32 எனக் கணக்கு வகுத்தார். அதனை மாத்திரைக் கணக்காகக் கொள்வது மரபு. எழுத்தொலியை அளக்க இலக்கணத்தார் கொண்ட அலகும் மாத்திரையே.

அங்ஙனமாயின் பிராணாயாமமே இவ்வாய்வின் முன்னோடி எனச் சிலர் எழுதுவது பொருந்துமோ? பொருந்தாது என்பது எம் துணிபு. பிராணாயாமம் மூச்சை நெறிப்படுத்துவது. இவ்வாய்வு நெறிப்படாத மூச்சை உள்ளவாறு அளப்பது. மேலும், ஹச்சின்சனும் அவர்க்குப் பின் வந்தோரும் கைக்கொண்டது முகத்தல் அளவை. எண்ணலும் நீட்டலும் நம் மரபில் உள. மூச்சை முகந்து அளந்ததற்குச் சான்று யாம் கண்டதில்லை. சடுகுடு ஆட்டத்தை வேண்டுமாயின் ஒப்புமைக்குக் கொள்ளலாம். பாடிச் செல்வோன் ஒரே மூச்சில் ஓடவும் போராடவும் மீளவும் வேண்டும். பாட்டு அறுந்தால் ஆட்டம் இழந்தான். உழைப்பின்கண் மூச்சின் நிலையைச் செவியாலேயே ஊரார் அறிந்த முறை அது.

இனிச் சொல்லுக்கு வருவோம். மூச்சைக் குறிக்க உயிர்ப்பு, மூச்சு, சுவாசம் என்னும் மூன்றும் வழங்குகின்றன. உயிர்த்தல் என்னும் வினை உயிரையும் மூச்சையும் ஒருங்கே சுட்டுவது. நெட்டுயிர்த்தல், வெய்துயிர்த்தல், அயாவுயிர்த்தல் என இலக்கியத்துள் பயின்றது. ஆயினும் பேச்சு வழக்கில் அஃது அருகிவிட்டது. சுவாசம் மருத்துவ நூல்களின் வழியாகப் பரவிய வடசொல். யாழ்ப்பாணத்து மானிப்பாயில் தமிழ்வழி மருத்துவம் கற்பித்த சாமுவேல் கிறீன் காலத்து நூற்பெயர்களையே நோக்கின் அக்காலச் சொல்லாக்கத்தின் போக்குப் புலனாகும்: 1867இல் ‘இரணவைத்தியம்’, 1872இல் ‘மனுஷ அங்காதிபாதம்’, 1875இல் ‘கெமிஸ்தம்’, 1883இல் ‘மனுஷ சுகரணம்’. வடசொல்லை மிகுதியாகக் கொண்டும், வேண்டுமிடத்து ஆங்கில ஒலியைத் தமிழீறு கொடுத்து ஏற்றும் அவர் நடந்தார். தமிழில் மருத்துவம் கற்பிக்க முடியும் என்பதைச் செய்து காட்டியவர் என்னும் முறையில் அவரை மதித்து, சொற்களுள் நின்றவற்றையும் நில்லாதவற்றையும் பிரித்தறிதல் வேண்டும். சுவாசம் நின்றது; சுகரணம் நிற்கவில்லை.

கருவேப்பிலங்குறிச்சிப் பகுதியில் வழங்குவது மூச்சே. ‘மூச்சு வாங்குது’, ‘மூச்சு முட்டுது’, ‘மேமூச்சு கீமூச்சு’, ‘இளைக்குது’, ‘தம் பத்தல’ என்பன அங்குக் கேட்கும் வழக்குகள். இவற்றுள் இளைப்பு என்பது நுண்ணிய சொல். களைப்பையும் மூச்சிரைப்பையும் அஃது ஒருங்கே உணர்த்தும். ஓய்வெடுத்தலை இளைப்பாறுதல் என்பது அதுபற்றியே. ஈழத்தார் பணி ஓய்வு பெற்றாரை ‘இளைப்பாறிய ஆசிரியர்’ என்பர். ஓய்வு பெற்றவர் என்பதினும் அஃது இனிது. உழைப்பும் மூச்சும் தம்முள் தொடர்புடையன என்னும் அறிவு இச்சொல்லிலேயே பொதிந்துள்ளது.

இந்நிலையில் இவ்வாய்வை ‘உடற்பயிற்சிச் சோதனை’ என மருத்துவமனையில் சொல்லின் கேட்போர் என் கொள்வர்? உடற்பயிற்சி என்பது உடலை வளர்க்கும் பொருட்டு வலிந்து மேற்கொள்வது. முன்னர்த் தேகப்பயிற்சி என்றும் தேகாப்பியாசம் என்றும் வழங்கிற்று. ஓரிடத்தில் இச்சோதனைக்கு அனுப்பப்பட்ட முதியவர் ஒருவர், “எனக்கு எக்சர்சைசு பழக்கமெல்லாம் கிடையாதுங்க, மண்ணு மிதிச்ச ஒடம்பு” எனக் கூறித் திரும்பிவிட்டார் என்று எம்மிடம் சொல்லக் கேட்டோம். தம் உழைப்பின் மூச்சே அளக்கப்பட இருந்தது என்பதை அப்பெயர் அவருக்கு உணர்த்தவில்லை.

இதன்கண் இழப்பு யாது என மருத்துவம் அறிந்தோரைக் கேட்டல் வேண்டும். படிகக்கல்லின் நுண்பொடி நுரையீரலில் தங்கி வடுவுண்டாக்கும் நோய்க்கு இத்தாலியராகிய விஸ்கோன்டி 1870இல் ‘சிலிக்கோசிஸ்’ எனப் பெயரிட்டார். பெயர்க்கு முன்னரே நோயை அறிந்திருந்தனர். சக்கிமுக்கிக் கல்லைப் பொடித்து மட்கலம் வனைந்த இங்கிலாந்தில், அப்பொடி தொழிலாளரைக் கொல்வது கண்டு, நீருள் வைத்து அரைக்கும் முறைக்கு 1726இல் தாமஸ் பென்சன் காப்புரிமை பெற்றார். இந்தியாவில் 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் இந்நோயை அறிவிக்கப்பட வேண்டிய நோய்களுள் ஒன்றாக வைத்தது. நோயின் தொடக்கத்தில் அமர்ந்தபடி ஊதும் மூச்சளவு இயல்பாகவே காணப்படலாம். சுமை தூக்கும்போதும் படி ஏறும்போதுமே குறை வெளிப்படும். அத்தகையோரை மிதிவண்டி போன்ற கருவியில் அமர்த்தி, முகமூடி பொருத்தி, சுமையைச் சிறிது சிறிதாக ஏற்றிப் பத்து நிமிடமளவில் ஆக்சிஜன் செலவையும் கரியமிலவாயுவையும் நாடித்துடிப்பையும் ஒருங்கே அளக்கும்போது, இளைப்பு நுரையீரலால் வந்ததோ, இதயத்தால் வந்ததோ, பழக்கமின்மையால் வந்ததோ எனப் பகுத்தறியலாம். “உட்கார்ந்திருந்தால் ஒன்றுமில்லை, வேலை செய்தால் இளைக்கின்றது” என்று ஒருவர் கூறுங்கால் அவர் கூற்றுக்குச் சான்றாக நிற்கக்கூடிய அளவை இது. பெயர் புரியாமையால் ஒருவர் அதனை இழப்பாராயின் அது சொல்லாக்கத்தாரின் பொறுப்பிலும் சேரும்.

ஆதலின் ‘உழைப்பு மூச்சளவை’ என்னும் தொடரை யாம் முன்வைக்கின்றோம். ‘வேலை’ எனலாமே எனின், அஃது இயற்பியலில் விசையும் இடப்பெயர்ச்சியும் பற்றிய கலைச்சொல்லாகிவிட்டது. பேச்சிலோ பதவியையும் குறிக்கும். உழைப்பு உடலின் வருத்தத்தையும் உடன் தழுவும். கருவியைச் சொல்லும்போது வெப்பமானி, பாரமானி என்பவற்றை ஒட்டி ‘மூச்சுமானி’ என்பாரும் உளர். ‘மூச்சளவி’ என்பது எளிது.

சொற்கிடக்கை முறையைப்பற்றி ஒன்று. மூலத்தில் மூச்சு முன்னும் உழைப்பு பின்னும் நிற்றலின் ‘மூச்சுழைப்பளவை’ என உறுப்புக்கு உறுப்பு அமைப்போர் உண்டாகலாம். அது வேறொரு பொருளில் சென்று முடியும். மூச்சுவிடுவதற்கே நெஞ்சுத் தசைகள் செய்யும் உழைப்பு மருத்துவத்தில் தனியே அளக்கப்படுவது. ‘மூச்சுழைப்பு’ என்பது அதற்கே உரிய பெயராகத் தகும். முன்மொழியை மாற்றினால் அளக்கப்படும் பொருளே மாறிவிடும். நடக்கச் செய்து அறியும் எளிய முறையொன்றும் உண்டு. 30 மீட்டர் நீளமுள்ள தாழ்வாரத்தில் 6 நிமிடத்தில் எத்துணைத் தொலைவு செல்ல முடிகின்றது என அதில் காண்பர். அது தொலைவை அளப்பதாதலின் ‘ஆறு நிமிட நடை’ என்றே வழங்குதல் அமையும். அதனை மூச்சளவை என்னும் பெயருள் அடக்குதல் வேண்டா.